குலுக்கல் சீட்டும் துறை விசாரணையும்: அரசு ஊழியர் பணியறவு வழக்குகளில் நீதிப்புனராய்வின் எல்லை

ஆய்வுச் சுருக்கம்

ஒழுங்கு நடவடிக்கையின் பேரில் பணி இழந்த அரசு ஊழியர் நீதிமன்றத்தை அணுகும்போது, முடிவு எடுக்கப்பட்ட முறையையே நீதிமன்றம் ஆராயும், முடிவை ஆராயாது என்னும் கோட்பாடு ஐம்பதாண்டுகளுக்கும் மேலாக நிலைபெற்றுள்ளது. இக்கோட்பாடு துறை விசாரணையை ஒரு குலுக்கலைப் போலப் பாவிக்கிறது என்பது இக்கட்டுரையின் வாதம். பழவேற்காட்டுப் பாடு முறை ஒப்பீட்டுக்கு எடுத்துக்கொள்ளப்படுகிறது. 2003ஆம் ஆண்டு தமிழக அரசு ஊழியர் பணியறவு வழக்கில், முறையே பின்பற்றப்படாத நிலையிலும் இக்கோட்பாடு செயற்படவில்லை என்பது காட்டப்படுகிறது.

திறவுச்சொற்கள்: நீதிப்புனராய்வு, பணியறவு, உறுப்பு 311, விகிதாச்சாரக் கொள்கை, பாடு முறை, டி.கே. ரங்கராஜன் வழக்கு

ஒரு வாய்பாடும் அதன் வயதும்

அரசு ஊழியர் பணி வழக்குகளில் வரும் தீர்ப்புகளைத் தொடர்ந்து படிப்போர்க்கு ஒரு வாக்கியம் மனப்பாடமாகிவிடும். உயர் நீதிமன்றம் உறுப்பு 226இன்கீழ் மேல்முறையீட்டு மன்றமாக அமர்வதில்லை. முடிவை அல்ல, முடிவெடுத்த முறையையே அது பார்க்கிறது. ஆந்திரக் காவல் உதவி ஆய்வாளர் ஒருவரின் பணியறவு தொடர்பாக உச்ச நீதிமன்றம் 1963இல் வழங்கிய ஸ்ரீராம ராவ் தீர்ப்பில் இவ்வாய்பாடு தெளிவான வடிவம் பெற்றது. சான்று போதுமானதா என்பதை உயர் நீதிமன்றம் எடைபோடக் கூடாது என்று, சென்னை மாநிலத்திலிருந்து சென்ற சுந்தரம் வழக்கில் 1965இல் கூறப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பொன்றைத் திருத்திய குணசேகரன் வழக்கு (2014) அதே கருத்தைப் பட்டியலாகவே தொகுத்துத் தந்தது. இன்று எந்த அரசு வழக்கறிஞரின் எதிருரையிலும் அப்பட்டியல் தவறாமல் இடம்பெறுகிறது.

இவ்வாய்பாட்டின் பயன்பாடு பற்றிச் சட்ட நூல்கள் பக்கம் பக்கமாகப் பேசுகின்றன. அதன் உள்ளே மறைந்திருக்கும் கருத்தாக்கம், அதாவது ‘முறை சரியாக இருந்தால் முடிவும் சரியாக இருக்கும்’ என்னும் நம்பிக்கை, போதிய திறனாய்வுக்கு உட்படவில்லை. அதுவே இங்கு ஆய்வுப் பொருள்.

முதலில் சொற்பயன்பாடு குறித்து ஒன்று. நாளிதழ்த் தமிழ் எல்லாவற்றையும் ‘பணிநீக்கம்’ என்றே எழுதிவிடுகிறது. விதிகளின் மொழியில் பணிநீக்கம் வேறு, பணியறவு வேறு. பணிநீக்கம் பெற்றவர் மீண்டும் அரசுப் பணிக்கு வருவதற்கு அத்தண்டனை பொதுவாகத் தடையாவதில்லை. பணியறவு பெற்றவர்க்கு அக்கதவு மூடப்படுகிறது, ஓய்வூதிய உரிமையும் பறிபோகிறது. விசாரணை நடக்கும் காலத்தில் விலக்கி வைக்கும் பணியிடை நீக்கமோ தண்டனையே அன்று. இம்மூன்றையும் ஒரே சொல்லால் குறிக்கும் வழக்கம், தண்டனையின் அளவு பற்றிப் பொதுவெளியில் நடக்க வேண்டிய விவாதத்தைத் தொடக்கத்திலேயே மழுங்கடிக்கிறது.

பாடு முறையிலிருந்து ஒரு கேள்வி

முறை மட்டுமே போதுமானது என்று சொல்லத்தக்க இடங்கள் உலகில் இல்லாமல் இல்லை. திருவள்ளூர் மாவட்டம் பழவேற்காடு ஏரிக்கரையில் உள்ள கோட்டைக்குப்பம், நடுக்குப்பம், ஆண்டிக்குப்பம் ஆகிய மீனவ ஊர்களில் பட்டினவர் சமூகத்தார் ‘பாடு’ என்னும் முறையைக் கையாண்டு வந்துள்ளனர். முகத்துவாரத்தை ஒட்டிய மீன்பிடி இடங்களில் யார் எப்போது எங்கே வலை கட்டுவது என்பதைக் குலுக்கல் தீர்மானிக்கிறது. இடங்கள் சுழற்சியில் கைமாறுகின்றன. ஒருவர்க்கு இறால் மிகும் இடம் வரலாம், மற்றொருவர்க்கு வறண்ட இடம் வரலாம். குலுக்கல் எல்லார் முன்னிலையிலும் ஒழுங்காக நடந்ததா என்று கேட்கலாம். அதற்கு மேல் ‘இந்த முடிவு சரியா’ என்று கேட்பதற்கு அங்கு ஒன்றுமில்லை. குலுக்கலுக்கு வெளியே, அதைச் சரிபார்க்க உதவும் ‘சரியான விடை’ எதுவும் கிடையாது.

ஜான் ரால்ஸ் 1971இல் வெளிவந்த தம் நீதிக் கோட்பாட்டு நூலில் இத்தகையதைத் தூய நடைமுறை நீதி என்று வகைப்படுத்தினார். அவர் காட்டிய எடுத்துக்காட்டு சூதாட்டம். பாடு முறை அதனினும் மதிப்புக்குரிய எடுத்துக்காட்டு என்பது என் கருத்து. இதற்கு எதிர்நிலையில் அவர் வைத்தது குற்றவியல் விசாரணையை. அங்கே நடைமுறைக்கு வெளியே ஓர் உண்மை இருக்கிறது: குற்றம் சாட்டப்பட்டவர் அதைச் செய்தார் அல்லது செய்யவில்லை. எல்லா விதிகளையும் பின்பற்றிய பிறகும் விசாரணை தவறான முடிவை அடையலாம். இதை அவர் நிறைவற்ற நடைமுறை நீதி என்றார்.

துறை விசாரணை இவ்விரண்டில் எதைச் சேர்ந்தது? ஐயமின்றி இரண்டாவதை. ஊழியர் பணத்தைக் கையாடினாரா, பயணியிடம் பணம் பெற்றுக்கொண்டு சீட்டுக் கொடுக்காமல் விட்டாரா என்பவை விசாரணைக் கோப்புக்கு வெளியே விடையுள்ள கேள்விகள். ஆயினும் ‘முறையையே பார்ப்போம், முடிவைப் பாரோம்’ என்னும் வாய்பாடு அதை முதல் வகையாகப் பாவிக்கிறது. பாடுக் குலுக்கலுக்குப் பொருந்தும் தர்க்கம் குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்கு மாற்றப்படுகிறது.

இதனால் பாடு முறையைக் குறையற்றது என்று கொள்ள வேண்டியதில்லை. அதன் சமத்துவம் அதற்குள் இடம்பெற்றோர்க்கு மட்டுமே. வட்டத்துக்கு வெளியே நிற்கும் பிற ஊரார்க்கும் பிற சமூகத்தார்க்கும் அது விலக்கலாகவே அமைந்துள்ளது. அவ்விலக்கலை ஒட்டிய பூசல்களும் ஏரிப்பகுதியில் எழுந்துள்ளன. ஆனால் குலுக்கலுக்கு ஒரு தகுதி உண்டு: சீட்டை எடுக்கும் கைக்கு முடிவில் முன்கூட்டிய விருப்பம் இருக்க முடியாது. துறை விசாரணையில் குற்றச்சாட்டை வடிப்பதும், அதை நிறுவுவதும், அதன்மீது தீர்ப்பதும், தண்டிப்பதும் ஒரே துறை. விசாரணை அலுவலர் பெரும்பாலும் அதே அலுவலகப் படிநிலையில் ஒரு படி மேலே அமர்ந்திருப்பவர். இவ்வமைப்பில் முறையின்மீது வைக்கும் நம்பிக்கைக்கு அடிப்படை இன்னும் மெலிகிறது.

பட்டியலின் உள்முரண்

குணசேகரன் தீர்ப்பின் பட்டியலை ஓர் உரைநடைப் பனுவலாகப் படிப்பது பயன்தரும். நீதிமன்றம் பார்க்கலாம் என்பவற்றுள் இவை இடம்பெறுகின்றன: தகுதியுள்ள அதிகாரி விசாரித்தாரா, இயற்கை நீதி மீறப்பட்டதா, ஏற்கத்தக்க சான்று தவறாக மறுக்கப்பட்டதா, ஏற்கத்தகாத சான்று ஏற்கப்பட்டு முடிவைப் பாதித்ததா, சான்றே இல்லாத முடிவா, நியாயமுள்ள எவரும் எட்டியிருக்க முடியாத முடிவா. பார்க்கக் கூடாதவை: சான்றை மீண்டும் எடைபோடுதல், அதன் போதுமையையும் நம்பகத்தையும் ஆராய்தல், எவ்வளவு கடுமையானதாகத் தோன்றினும் உண்மை பற்றிய பிழையைத் திருத்துதல், மனச்சான்றை அதிரவைத்தாலன்றித் தண்டனையின் அளவை ஆராய்தல்.

இரு பட்டியல்களும் அருகருகே வாழ முடியாதவை. ‘சான்றே இல்லை’ என்று முடிவு செய்ய, இருப்பதாகச் சொல்லப்படும் சான்றைப் படித்து அது சான்றாகுமா என்று எடைபோட்டே ஆக வேண்டும். ‘நியாயமுள்ள எவரும் இம்முடிவை எட்டார்’ என்பது சான்றின் போதுமை பற்றிய கூற்றே அன்றி வேறன்று. ஆகவே நடைமுறையில் நிகழ்வது இது: தலையிட விரும்பும் நீதிபதி முதற்பட்டியலை மேற்கோள் காட்டுகிறார், தலையிட விரும்பாதவர் இரண்டாவதை. ரூப்சிங் நேகி வழக்கில் (2009) காவல்துறையிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலமும் முதல் தகவல் அறிக்கையும் விசாரணையில் தாமாகச் சான்றாகா என்று கூறி வங்கி ஊழியர் ஒருவரின் பணியறவு தள்ளப்பட்டது. அது சரியான தீர்ப்பு. ஆனால் அது சான்றை எடைபோட்ட தீர்ப்பு என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். மாறாக, 1977ஆம் ஆண்டு ரத்தன்சிங் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், சீட்டில்லாப் பயணிகளை அழைத்து விசாரிக்காமலேயே பேருந்து நடத்துநரின்மீது குற்றம் நிறுவப்படலாம் என்றார். துறை விசாரணைக்குச் சாட்சியச் சட்டத்தின் இறுக்கம் தேவையில்லை என்பது அவர் காட்டிய காரணம். தொழிலாளர் பக்கம் நின்றவராக நாம் நினைவில் வைத்திருக்கும் நீதிபதியின் கையிலிருந்தே பணியறவுச் சட்டத்தின் மிகக் கடினமான முன்தீர்ப்புகளுள் ஒன்று வந்தது. சட்ட வரலாற்றை ஆளுமை வரலாறாக எழுதுவோர் இதைப் பெரும்பாலும் கடந்து சென்றுவிடுகின்றனர்.

நீதிமன்றத் தயக்கத்துக்கு வலுவான நியாயமும் உண்டு. தமிழ்நாட்டுக் காவலர் ஒருவர் பேருந்து நிலையத்தில் ஒரு பெண்ணிடம் தகாத முறையில் நடந்துகொண்ட வழக்கு 2012இல் உச்ச நீதிமன்றத்தில் முடிவானது. குற்றவியல் வழக்கில் முக்கியச் சாட்சிகள் பிறழ்ந்தனர், காவலர் விடுதலையானார். அவ்விடுதலையை அடிப்படையாகக் கொண்டு உயர் நீதிமன்றம் அவரை மீண்டும் பணியமர்த்தியது. உச்ச நீதிமன்றம் பணியறவை மீட்டது. பொது இடங்களில் பெண்களைத் துன்புறுத்துவதைத் தடுக்க மாநிலங்களுக்கு நெறிமுறைகளையும் வகுத்தது. சாட்சி பிறழ்ந்ததால் கிடைத்த விடுதலையைத் துறைக் கோப்பின்மீது ஏற்றிவிட்டால், அதிகாரம் உள்ள ஊழியரால் பாதிக்கப்பட்ட எளிய குடிமக்களுக்கு எங்கும் நீதி கிட்டாது. இந்த அச்சம் மெய்யானது. ஆனால் அவ்வழக்கில் உச்ச நீதிமன்றம் செய்தது என்ன? துறை விசாரணையில் கிடைத்த சான்று முடிவைத் தாங்குகிறதா என்று பார்த்தது. தாங்குகிறது என்று கண்டது. ஊழியர்க்கு எதிராக முடிந்த நல்ல தீர்ப்புகளும் முடிவைப் பார்த்தே நல்ல தீர்ப்புகளாகியுள்ளன.

தண்டனையின் அளவும் அதிர்ந்த மனச்சான்றும்

குற்றம் நிறுவப்பட்ட பின் எழும் கேள்வி, அதற்கு வாழ்வாதாரத்தையே விலையாகக் கேட்கலாமா என்பது. அரசமைப்பின் உறுப்பு 311(2), தொடக்கத்தில் உத்தேசத் தண்டனை குறித்தும் ஊழியர் தம் தரப்பைச் சொல்ல இடமளித்தது. 1976ஆம் ஆண்டின் 42ஆம் திருத்தம் அந்த இரண்டாம் வாய்ப்பை நீக்கியது. கருணாகர் வழக்கில் (1993) ஐவர் அமர்வு, விசாரணை அறிக்கையின் படியை ஊழியர்க்குத் தர வேண்டும் என்று நிலைநாட்டி இழப்பின் ஒரு பகுதியை ஈடுசெய்தது. ஆனால் அவ்வறிக்கை பேசுவது குற்றம் பற்றி. பணியறவா, ஊதிய உயர்வு நிறுத்தமா, கட்டாய ஓய்வா என்று தெரிவு செய்யும் கணம்தான் ஊழியரின் வாழ்வைத் தீர்மானிக்கிறது. வாதமும் காரணமும் மிகக் குறைந்த கணமும் அதுவே.

இக்கணத்தைக் கண்காணிக்க நீதிமன்றம் தனக்கென வைத்திருக்கும் கருவி ‘மனச்சான்று அதிர்தல்’. பி.சி. சதுர்வேதி வழக்கு (1995) அதை நிலைநிறுத்தியது. அதன் மரபுவழி வியப்புக்குரியது. நியாயமுள்ள எந்த அதிகாரியும் எடுக்காத முடிவு என்னும் அளவுகோல் 1948ஆம் ஆண்டு இங்கிலாந்தின் வெட்னஸ்பரி வழக்கில் பிறந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் பதினைந்து வயதுக்குட்பட்ட சிறுவர்களைத் திரையரங்கினுள் விடலாகாது என்று விதித்த உரிம நிபந்தனையே அங்கு வழக்குப்பொருள். திரையரங்க உரிமத்துக்கு வார்த்த அளவுகோலால் ஒரு குடும்பத்தின் முப்பதாண்டு ஊதியத்தையும் ஓய்வூதியத்தையும் அளந்து வருகிறோம். ஓம்குமார் வழக்கு (2000) விகிதாச்சாரக் கொள்கையை முழுமையாக எடுத்துப் பேசிய பிறகும், தண்டனை ‘தன்னிச்சையானது’ என்று மட்டும் எதிர்க்கப்படும்போது பழைய வெட்னஸ்பரி அளவுகோலே பொருந்தும் என்று நிறுத்திக்கொண்டது.

மனச்சான்று அதிர்ந்த தருணங்களும் உண்டு. உணவு உண்ண மறுத்த குற்றத்துக்காகப் படைவீரர் ஒருவர்க்கு ஓராண்டுக் கடுங்காவலும் பணியறவும் விதித்த படைத்துறை நீதிமன்ற ஆணையை ரஞ்சித் தாக்கூர் வழக்கில் (1987) உச்ச நீதிமன்றம் தள்ளியது. அவர் எந்த மேலதிகாரிக்கு எதிராக முறையிட்டாரோ, அதே அதிகாரி விசாரணையில் அமர்ந்திருந்தார் என்பதும் அதற்குக் காரணம். இத்தகைய எடுத்துக்காட்டுகள் மிக உச்சத்தில் நிற்பவை. உச்சத்துக்குக் கீழே, அதிர்ச்சியூட்டாத ஆனால் அளவுக்கு மீறிய தண்டனைகளின் பரந்த நிலப்பகுதி இருக்கிறது. அங்கே நீதிமன்றத்தின் குரல் எந்நேரமும் ‘எம் மனச்சான்று அதிரவில்லை’ என்பதே. ஏன் அதிரவில்லை என்பதற்குக் காரணம் எழுதும் கடமை நீதிமன்றத்துக்கு இல்லை. ஏன் பணியறவு என்பதற்குக் காரணம் எழுதும் கடமை அதிகாரிக்கும் நடைமுறையில் இல்லை.

2003: முறையும் இல்லாதபோது

இதுவரை கண்டவை, முறையேனும் பின்பற்றப்பட்ட வழக்குகள். வாய்பாட்டின் உண்மையான சோதனை, முறையே கைவிடப்பட்டபோது அது என்ன செய்தது என்பதில்தான் இருக்கிறது. அச்சோதனை தமிழ்நாட்டில் நிகழ்ந்தது.

2003 ஜூலை 2ஆம் நாள் தமிழக அரசு ஊழியரும் ஆசிரியரும் ஓய்வூதியப் பயன் குறைப்பு உள்ளிட்டவற்றை எதிர்த்து வேலைநிறுத்தத்தில் இறங்கினர். 2002ஆம் ஆண்டின் தமிழ்நாடு அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டம், பேச்சுவழக்கில் ‘டெஸ்மா’, அரசின் கையில் இருந்தது. அம்மாதமே 2003ஆம் ஆண்டின் 3ஆம் அவசரச் சட்டம் அதைத் திருத்தியது. விசாரணையின்றி ஏறத்தாழ 1,70,000 பேர் பணியறவு செய்யப்பட்டனர். இந்திய மாநிலம் ஒன்றில் அதற்கு இணையான நடவடிக்கை முன்பு நிகழ்ந்ததில்லை.

தனி நீதிபதி, விசாரணையின்றிப் பிறப்பித்த ஆணைகளை நிறுத்திவைத்து ஊழியர்களைப் பணிக்குத் திரும்பச் சொன்னார். அரசின் மேல்முறையீட்டில் இருநீதிபதி அமர்வு அந்த இடைக்கால ஆணையை நீக்கியது. முதலில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்தை அணுக வேண்டும், நேரடியாக உயர் நீதிமன்றம் வரலாகாது என்பது அது கூறிய காரணம். சந்திரகுமார் வழக்கு (1997) அதற்குத் துணையாயிற்று. வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. நீதிபதிகள் எம்.பி. ஷா, ஏ.ஆர். லட்சுமணன் ஆகியோர் 2003 ஆகஸ்டு 6ஆம் நாள் டி.கே. ரங்கராஜன் வழக்கில் தீர்ப்பளித்தனர்.

அத்தீர்ப்பை மூன்று அடுக்குகளாகப் பிரித்துப் படிக்க வேண்டும். முதல் அடுக்கு அதிகார வரம்பு. ஆயிரக்கணக்கானோர் தீர்ப்பாயத்தை அணுகினால் அதனால் நீதி வழங்க இயலாது, மிகவும் விதிவிலக்கான இந்நிலையில் உயர் நீதிமன்றம் தலையிட்டிருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகவே கூறியது. இது பெரும்பாலும் மேற்கோள் காட்டப்படாத பகுதி. இரண்டாம் அடுக்கு ஓர் இணக்கம். ஜூலை 24ஆம் நாள் விசாரணையின்போது அரசுத் தரப்பு மூத்த வழக்கறிஞர், கைதானவர்களும் முதல் தகவல் அறிக்கை பதிவானவர்களும் நீங்கலாகப் பணியறவு பெற்றோரை அரசு மீண்டும் பணியமர்த்தும் என்றார். நிபந்தனை இரண்டு: நிபந்தனையற்ற மன்னிப்பு; 1973ஆம் ஆண்டு அரசு ஊழியர் நடத்தை விதிகளின் 22ஆம் விதிக்குக் கட்டுப்படுவதான உறுதிமொழி. எஞ்சியோரின் முறையீடுகளைக் கேட்க ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதிகள் மூவர் ஏற்பாடாயினர். மூன்றாம் அடுக்குதான் புகழ்பெற்றது: அரசு ஊழியர்க்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமையோ சட்ட உரிமையோ அறவழி நியாயமோ இல்லை.

மூன்று அடுக்குகளையும் படித்து முடித்த பின் எஞ்சும் கேள்வி ஒன்று. பணியறவு ஆணைகள் செல்லுமா? அத்தீர்ப்பு அதை முடிவு செய்யவில்லை. ஓர் அவசரச் சட்டத்தால் உறுப்பு 311(2) தரும் அரசமைப்புக் காப்பை ஒதுக்கிவிட முடியுமா என்பதே வழக்கின் முதுகெலும்பு. விசாரணை நடத்துவது நடைமுறைக்கு இயலாதது என்று எழுத்தில் காரணம் பதிந்தால் அதைத் தவிர்க்கலாம் என்று இரண்டாம் வரம்புரை இடமளிக்கிறது. துளசிராம் படேல் வழக்கு (1985) அவ்வரம்புரையை விரிவாகவே பொருள்கொண்டது. ரயில் ஓட்டும் பணியாளர் வேலைநிறுத்தத்தில் பணியறவு பெற்றோரின் வழக்குகளும் அதில் இருந்தன. ஆயினும் இயலாமைக்கான காரணம் எழுத்தில் இருக்க வேண்டும், பின்னர் மேல்முறையீட்டில் ஊழியர் விசாரணை கோரலாம் என்னும் இரு வாயில்களை அது திறந்தே வைத்தது. 1991இல் ஜஸ்வந்த் சிங் வழக்கு, அதிகாரியின் மனநிறைவு மட்டும் போதாது, அதற்கு ஆதாரம் வேண்டும் என்றது. 2003இல் ஓர் ஊழியரைப் பற்றியேனும் தனித்த காரணம் பதியப்பட்டதா? வேலைக்கு வரவில்லை என்பதும் வேலைநிறுத்தத்தில் பங்கேற்றார் என்பதும் ஒன்றா? மருத்துவ விடுப்பில் இருந்தவரை எவ்வாறு பிரித்தறிவது? உறுப்பு 311 பொருந்தாத உதவிபெறும் பள்ளி ஆசிரியரின் நிலை என்ன? முறையை மட்டுமே பார்ப்போம் என்று அறுபதுகளிலிருந்து சொல்லிவந்த நீதிமன்றம், முறையே இல்லாத இலட்சத்துக்கும் மேற்பட்ட ஆணைகள் முன்வந்து நின்றபோது முறையைப் பார்க்கவில்லை. ஊழியர் செய்தது சரியா என்று பார்த்தது. வாய்பாட்டின்படி அது பார்க்கக் கூடாத ஒன்று.

நடைமுறை விளைவு கருணையானது என்று சிலர் வாதிடுவர். பெரும்பாலோர் சில வாரங்களில் பணிக்குத் திரும்பினர். ஆணைகள் ஒவ்வொன்றாக வழக்காடப்பட்டிருந்தால் ஆண்டுகள் கழிந்திருக்கும். இதை மறுப்பதற்கில்லை, அடுத்த மாத ஊதியம் வருமா என்று காத்திருந்த குடும்பத்துக்குக் கோட்பாட்டுத் தெளிவைவிட அந்த ஆணை பெரிது. ஆனால் மன்னிப்பின் பேரில் கிடைத்த மீட்பும், ஆணை சட்டப்படி செல்லாது என்பதால் கிடைத்த மீட்பும் ஒன்றல்ல. முதலாவதில் ஊழியர் தவறு செய்தவர், அரசு பொறுத்தருளியது. இரண்டாவதில் அரசு அரசமைப்பை மீறியது, நீதிமன்றம் திருத்தியது. பதிவேட்டில் எஞ்சியிருப்பது முதலாவது. எஞ்சிய நடவடிக்கைகளைக்கூட அரசு விலக்கிக்கொண்டது 2004 மே மாதத்தில், நாடாளுமன்றத் தேர்தல் முடிவு வந்த பிறகு. வாக்குச்சீட்டு செய்ததை நீதிப்பேராணை செய்யவில்லை.

இதன் பின்விளைவு மேற்கோள் மரபில் தெரிகிறது. ரங்கராஜன் தீர்ப்பு இன்று நாடெங்கும் வேலைநிறுத்தத் தடைக்கான சான்றாக ஆளப்படுகிறது. அத்தீர்ப்பு மேற்கோள் காட்டிய காமேசுவர பிரசாத் வழக்கு (1962), ஊழியரின் ஆர்ப்பாட்ட உரிமையை முற்றாகத் தடுத்த விதியைச் செல்லாது என்று அறிவித்தது. வேலைநிறுத்தத் தடையை மட்டும் விட்டுவைத்தது. அவ்வழக்கின் முதற்பாதி ரங்கராஜனுக்குப் பின் மங்கிவிட்டது. பணியறவுச் சட்டம் கற்பிக்கும் பாடத்திட்டங்களிலும் ரங்கராஜன் ‘வேலைநிறுத்தம்’ என்னும் தலைப்பின்கீழ் வருகிறதே தவிர, ‘உறுப்பு 311’ என்னும் தலைப்பின்கீழ் வருவது அரிது. எந்தத் தலைப்பின்கீழ் ஒரு தீர்ப்பை வைக்கிறோம் என்பதே அதில் முடிவாகாமல் போன கேள்வியை மறைக்கப் போதுமானது.

நிர்வாகத் தீர்ப்பாயம் தமிழ்நாட்டில் பின்னர் கலைக்கப்பட்டது. அதன் வழக்குகள் உயர் நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டன. ஆகவே இன்று பணியறவு பெறும் தமிழக அரசு ஊழியர்க்குத் துறைக்கு வெளியே உள்ள முதல் மன்றமே உறுப்பு 226இன்கீழ் அமரும் தனி நீதிபதி. சான்றை எடைபோடுவது தீர்ப்பாயத்தின் வேலையும் அன்று என்று உச்ச நீதிமன்றம் தொண்ணூறுகளில் தமிழ்நாட்டு வழக்குகளிலேயே கூறியிருந்தது என்பது உண்மைதான். எனினும் ‘மேல்முறையீட்டு மன்றம் போல் அமர மாட்டோம்’ என்று உயர் நீதிமன்றம் இன்று சொல்லும்போது, மேல்முறையீட்டு மன்றமாக அமர வேறு எவரும் இல்லை. துறைக்குள் நடக்கும் மேல்முறையீடு, தண்டித்த கையின் மேற்கைக்குச் செல்வது. விசாரணை அலுவலரின் அறிக்கையிலுள்ள உண்மைப் பிழையை, அது எவ்வளவு கடுமையானதாயினும், துறைக்கு வெளியே ஒருவரும் திருத்தக் கூடாது என்னும் நிலையில்தான் குணசேகரன் பட்டியலின் அவ்வரி இன்று செயற்படுகிறது.